தொலைநோக்கி வகைகள்: நிறைகளும் குறைகளும் (நுங்கம்பாக்கம் முதல் காவலூர் வரை ஒரு வரலாறு)

தொலைநோக்கி என்பது தொலைவிலுள்ள பொருளிலிருந்து வரும் ஒளியையோ பிற கதிர்களையோ திரட்டி, ஓரிடத்தில் குவித்து, அப்பொருளைத் தெளிவாக அறிய உதவும் கருவி ஆகும். வில்லைத் தொலைநோக்கி, ஆடித் தொலைநோக்கி, இரண்டும் கலந்த தொலைநோக்கி, ரேடியோ தொலைநோக்கி, விண்வெளித் தொலைநோக்கி எனப் பல வகைகள் உள்ளன. இவற்றுள் எது சிறந்தது என்ற கேள்விக்கு ஒற்றை விடை கிடையாது. ஒவ்வொரு வகையும் முந்தைய வகையின் ஒரு குறையைத் தீர்க்க வந்தது; வரும்போதே தனக்கென ஒரு புதிய குறையையும் கொண்டுவந்தது.

இதைப் பாடநூலில் படிப்பதைவிடத் தமிழகத்தின் வானியல் வரலாற்றில் தெளிவாகக் காணலாம். சென்னை நுங்கம்பாக்கம், கொடைக்கானல், உதகமண்டலம், ஜவ்வாது மலையிலுள்ள காவலூர் ஆகிய இடங்களில் கடந்த இரண்டு நூற்றாண்டுகளில் ஏறத்தாழ எல்லா வகைத் தொலைநோக்கிகளும் நிறுவப்பட்டுள்ளன. இவற்றுள் காவலூர், கிருஷ்ணகிரி நகரத்துக்கு நேர் கிழக்கே சுமார் 65 கி.மீ. தொலைவிலும், ஓசூரிலிருந்து நேர்க்கோட்டில் சுமார் 110 கி.மீ. தொலைவிலும் உள்ளது. ஓசூர், கிருஷ்ணகிரி தொழில் வட்டாரத்தில் வாழும் ஒரு மாணவருக்குத் தொலைநோக்கியின் வரலாறு வெகு அருகில் இருக்கிறது.

தொலைநோக்கி செய்யும் மூன்று வேலைகள்

பொருளைப் பெரிதாக்கிக் காட்டுவதே தொலைநோக்கியின் முதன்மையான வேலை என்று பலர் எண்ணுகின்றனர். உண்மையில் அது மூன்றாவது வேலைதான்.

முதல் வேலை ஒளியைத் திரட்டுவது. இருளில் நன்கு விரிந்த கண்மணியின் விட்டம் சுமார் 7 மி.மீ. ஆகும். 102 செ.மீ. விட்டமுள்ள ஆடி அதைப்போல் ஏறத்தாழ 21 ஆயிரம் மடங்கு ஒளியைத் திரட்டும். விட்டம் இரு மடங்கானால் திரட்டும் ஒளி நான்கு மடங்காகும்.

இரண்டாவது வேலை பிரித்தறிதல். அருகருகே உள்ள இரு விண்மீன்களை இரண்டாகப் பிரித்துக் காட்டும் திறன் இது. விட்டம் கூடும்போதும், அலைநீளம் குறையும்போதும் இத்திறன் கூடும்.

மூன்றாவது வேலையான உருப்பெருக்கம், கண்ணருகு வில்லையை மாற்றுவதன் மூலம் எளிதில் கிடைத்துவிடும். ஒளியும் பிரித்தறி திறனும் இல்லாமல் உருப்பெருக்கத்தை மட்டும் கூட்டினால் மங்கிய உருவம் பெரிதாகத் தெரியுமே தவிர, புதிதாக எதுவும் தெரியாது. வகைகளை ஒப்பிடும்போது இந்த மூன்றையும் மனத்தில் கொள்ள வேண்டும்.

வில்லைத் தொலைநோக்கி

1608ஆம் ஆண்டில் நெதர்லாந்தைச் சேர்ந்த கண்ணாடித் தொழிலாளர் ஆன்சு லிப்பர்சே தொலைநோக்கிக்குக் காப்புரிமை கோரினார். அடுத்த ஆண்டு கலிலியோ தாமே ஒன்றைச் செய்து வானை நோக்கினார். 1610 சனவரியில் வியாழனின் நான்கு துணைக்கோள்களைக் கண்டார். இவை இரண்டும் ஒளிவிலகல் தொலைநோக்கிகள், அதாவது வில்லைத் தொலைநோக்கிகள்.

இவ்வகையின் நிறைகள் பல. குழாய் இருபுறமும் மூடியிருப்பதால் தூசியும் காற்றோட்டமும் உள்ளே வருவதில்லை. ஒளியின் பாதையில் குறுக்கே எந்தத் தடையும் இல்லாததால் உருவம் கூர்மையாக இருக்கும். ஒருமுறை பொருத்திய வில்லைகள் எளிதில் இடம் பெயர்வதில்லை. பராமரிப்பும் குறைவு.

குறைகளுள் முதன்மையானது நிறப்பிறழ்ச்சி. கண்ணாடி நீல ஒளியைச் சிவப்பு ஒளியைவிட அதிகமாக வளைக்கிறது. எனவே எல்லா நிறங்களும் ஒரே புள்ளியில் குவிவதில்லை. நிலவின் விளிம்பில் ஊதா நிறக் கரை தெரியும். இரு வேறு வகைக் கண்ணாடிகளை இணைத்து இதைக் குறைக்கும் முறையை 1733இல் செஸ்டர் மூர் ஆல் கண்டார். 1758இல் ஜான் டாலண்டு அதற்குக் காப்புரிமை பெற்றுச் சந்தைக்குக் கொண்டுவந்தார். இது நிறமகற்று வில்லை எனப்படும். இதன் பின்னரே வில்லைத் தொலைநோக்கி நம்பகமான அறிவியல் கருவியாக நிலைபெற்றது.

நுங்கம்பாக்கத்தில் வில்லைகள்

1786ஆம் ஆண்டில் கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரியான வில்லியம் பெட்ரி சென்னை எழும்பூரில் தம் சொந்த வானாய்வகத்தை அமைத்தார். பின்னர் கம்பெனி அதை ஏற்றுக்கொண்டது. 1792இல் நுங்கம்பாக்கத்தில் அதற்கெனக் கட்டடம் எழுந்தது. கம்பெனிக்குத் தேவைப்பட்டது விண்மீன்களின் அழகன்று. கப்பல்கள் பாறையில் மோதாமல் கரை சேர வேண்டும், பிடித்த நிலத்தை அளந்து வரைபடமாக்க வேண்டும். இவ்விரண்டுக்கும் துல்லியமான நேரமும் தீர்க்கரேகையும் தேவை.

இந்த வேலைக்கு வில்லைத் தொலைநோக்கி மிகவும் பொருந்தியது. ஒரு விண்மீன் உச்சிக்கோட்டைக் கடக்கும் நொடியைக் குறிக்க வேண்டுமானால் கருவி இம்மியும் அசையக்கூடாது. அதற்காகச் சுமார் 10 டன் எடையுள்ள கருங்கல் தூண் நிறுத்தப்பட்டது. அதில் தமிழ் உட்படப் பல மொழிகளில் கல்வெட்டும் பொறிக்கப்பட்டது. இவ்வாறு ஆண்டுக்கணக்கில் அளந்ததன் பயனாக, 1844இல் டி. ஜி. டெய்லர் 11,015 விண்மீன்களின் இடங்களைக் கொண்ட சென்னை அட்டவணையை வெளியிட்டார்.

வில்லியம் லாம்ப்டன் 1802இல் பரங்கிமலை அருகே அடிக்கோடு அளந்து, அங்கிருந்து பெங்களூர் நோக்கி முக்கோணங்களை நீட்டிச் சென்றபோது பயன்படுத்திய அரை டன் எடையுள்ள தியோடலைட்டிலும் இருந்தது ஒரு வில்லைத் தொலைநோக்கியே. இன்று சாலை அளக்கும் பொறியாளர் முக்காலியில் வைத்து நோக்கும் கருவி அதன் வழித்தோன்றல்.

1861இல் சென்னைக்கு வந்த நார்மன் போக்சன், அவ்வாண்டு ஏப்ரலில் ஒரு குறுங்கோளைக் கண்டு அதற்கு 'ஆசியா' எனப் பெயரிட்டார். அவருடன் பணிபுரிந்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி 1867இல் ஆர் ரெட்டிகுலி என்னும் மாறும் விண்மீனைக் கண்டறிந்தார். 1874ஆம் ஆண்டின் வெள்ளி இடைநகர்வைப் பற்றி இந்திய மொழிகளிலும் விளக்க நூல் வெளியிட்டார்.

ஆனால் மங்கலான விண்மீன்களை ஆராயப் பெரிய விட்டம் வேண்டும். அங்கேதான் வில்லையின் இரண்டாவது பெருங்குறை வெளிப்பட்டது. வில்லையை அதன் விளிம்பில் மட்டுமே தாங்கிப் பிடிக்க முடியும். நடுவில் பிடித்தால் ஒளி மறையும். பெரிய வில்லை தன் எடையாலேயே சற்றுத் தொய்ந்து வடிவம் மாறும். கண்ணாடியின் உட்பகுதி முழுவதும் குமிழியோ கீறலோ இல்லாமல் இருக்கவும் வேண்டும். அமெரிக்காவின் எர்க்ஸ் வானாய்வகத்தில் 1897இல் நிறுவப்பட்ட 102 செ.மீ. தொலைநோக்கியே இன்றளவும் வானாய்வகங்களில் பணியாற்றிய வில்லைத் தொலைநோக்கிகளுள் மிகப் பெரியது. அதன் குழாய் மட்டும் ஏறத்தாழ 19 மீட்டர் நீளம்.

பஞ்சமும் சூரியனும்

1876 முதல் 1878 வரை தென்னிந்தியாவைப் பெரும் பஞ்சம் வாட்டியது. மிகக் கடுமையாகப் பாதிக்கப்பட்ட பகுதிகளுள் சேலம் மாவட்டமும் ஒன்று. இன்றைய ஓசூரும் கிருஷ்ணகிரியும் அன்று அம்மாவட்டத்தின் வட்டங்கள். மழை ஏன் பொய்த்தது, சூரியனில் தோன்றும் கரும்புள்ளிகளுக்கும் பருவமழைக்கும் தொடர்பு உண்டா என்ற கேள்விகள் எழுந்தன. சூரியனை நாள்தோறும் கவனிக்க ஒரு வானாய்வகம் வேண்டும் என்ற கருத்து வலுப்பெற்றது. அதன் விளைவாக 1899இல் கொடைக்கானல் வானாய்வகம் அமைந்தது; 1901இல் அங்கு நோக்கீடுகள் தொடங்கின. ஒரு தொலைநோக்கியை எங்கே, எதற்காக வைப்பது என்பதை வானம் மட்டுமன்றி மண்ணில் வாழும் மக்களின் துயரமும் தீர்மானித்தது என்பதற்கு இது சான்று.

சூரியனைப் பொறுத்தவரை ஒளிக்குப் பஞ்சமில்லை. எனவே வில்லையின் சிறிய விட்டம் ஒரு குறையாகாது. தெளிவும் நீண்ட குவியத்தொலைவுமே தேவை. 1909இல் ஜான் எவர்செட், கரும்புள்ளியின் புறவிளிம்பில் வளிமம் வெளிநோக்கிப் பாய்வதைக் கொடைக்கானலில் கண்டறிந்தார். இது இன்று எவர்செட் விளைவு எனப்படுகிறது. பின்னாளில் அங்கு அமைந்த சுரங்கத் தொலைநோக்கியில், கோபுர உச்சியிலுள்ள ஆடிகள் சூரிய ஒளியைக் கீழே அனுப்ப, 38 செ.மீ. வில்லை அதைச் சுமார் 60 மீட்டர் நீளமுள்ள நிலத்தடிச் சுரங்கத்துக்குள் குவிக்கிறது. 36 மீட்டர் குவியத்தொலைவு இருப்பதால் சூரியனின் உருவம் ஏறத்தாழ 34 செ.மீ. அகலத்தில் விழும். இவ்வளவு நீளமான குழாயை வானை நோக்கித் திருப்புவது இயலாத காரியம். எனவே குழாயை நிலத்தில் கிடத்திவிட்டு ஆடியைத் திருப்பினார்கள்.

ஆடித் தொலைநோக்கி

ஒளியை ஊடுருவவிடாமல் எதிரொளித்துக் குவித்தால் நிறப்பிறழ்ச்சியே இராது. இக்கருத்தைக் கொண்டு ஐசக் நியூட்டன் 1668இல் சிறிய ஆடித் தொலைநோக்கி ஒன்றைச் செய்தார். எல்லா நிறங்களையும் ஆடி ஒரே கோணத்தில் திருப்புகிறது என்பதே இதன் அடிப்படை.

ஆயினும் இவ்வகை உடனே வெற்றி பெறவில்லை. அக்கால ஆடிகள் செம்பும் வெள்ளீயமும் கலந்த உலோகத்தால் ஆனவை. அவை விழும் ஒளியில் பெரும்பகுதியை விழுங்கின, விரைவில் கறுத்தன. ஒவ்வொரு முறை மெருகேற்றும்போதும் வடிவத்தைப் புதிதாகச் செதுக்க வேண்டியிருந்தது. 1850களில் கண்ணாடியின் மேல் மெல்லிய வெள்ளிப்பூச்சு இடும் முறையும், 1930களில் வெற்றிடத்தில் அலுமினியம் பூசும் முறையும் வந்த பிறகே நிலைமை மாறியது. பூச்சு மங்கினால் பூச்சை மட்டும் கழுவி மீண்டும் பூசலாம். கண்ணாடியின் வடிவம் அப்படியே இருக்கும்.

ஆடியின் நிறைகள் தெளிவானவை. நிறப்பிறழ்ச்சி இல்லை. முதுகுப்புறம் முழுவதும் தாங்குதல் கொடுக்கலாம் என்பதால் எவ்வளவு பெரிதாகவும் செய்யலாம். மேற்பரப்பு ஒன்றை மட்டும் செம்மையாக்கினால் போதும். துணை ஆடியைக் கொண்டு ஒளியைத் திரும்ப மடக்கி, நீண்ட குவியத்தொலைவைக் குட்டையான குழாயில் அடக்கலாம்.

குறைகளும் உண்டு. துணை ஆடி ஒளியின் ஒரு பகுதியை மறைக்கும். அதைத் தாங்கும் கம்பிகளால் விண்மீன்களைச் சுற்றிக் கூர்முனைகள் தோன்றும். மேற்பரப்பில் உள்ள பிழை எதிரொளிப்பில் இரு மடங்காவதால் வில்லையைவிட மிகுந்த துல்லியம் தேவை. ஆடிகளின் ஒழுங்கு அடிக்கடி பிறழும். சரிசெய்துகொண்டே இருக்க வேண்டும். குழாய் திறந்திருப்பதால் தூசியும் ஈரமும் படியும்.

காவலூர் ஏன்?

1960இல் கொடைக்கானல் வானாய்வகத்தின் இயக்குநரான வைணு பாப்பு, விண்மீன்களின் நிறமாலையை ஆராய்வதில் உலகப் புகழ் பெற்றவர். கொடைக்கானல் சூரியனுக்கு ஏற்ற இடமாக இருந்தாலும், இரவு வானை ஆராயப் போதுமான தெளிந்த இரவுகள் வேறிடத்தில் கிடைக்குமா எனத் தேடினார். அத்தேடலில் தேர்வானது ஜவ்வாது மலையில் 725 மீட்டர் உயரத்திலுள்ள காவலூர். நகரங்களின் வெளிச்சத்தை மலையும் காடும் மறைத்தன. பெங்களூரிலிருந்து சாலை வழியே எளிதில் வந்து செல்லவும் முடிந்தது.

அட்சரேகை இன்னொரு காரணம். காவலூர் சுமார் 12½ பாகை வடக்கில் உள்ளது. கிருஷ்ணகிரியும் ஏறத்தாழ அதே கோட்டில்தான் உள்ளது. இங்கிருந்து துருவ விண்மீன் தொடுவானத்துக்குச் சற்று மேலே தெரியும். தெற்கே தென்சிலுவையும் அகத்திய விண்மீனும் தெளிவாகத் தெரியும். ஐரோப்பாவிலுள்ள பெரிய தொலைநோக்கிகளுக்கு எட்டாத தென்வானத்தின் பெரும்பகுதி இங்கு எட்டும். சிறந்த கருவியானாலும் தொடுவானத்துக்குக் கீழே உள்ளதைக் காட்டாது.

1968இல் நிறுவனத்திலேயே செய்யப்பட்ட 38 செ.மீ. தொலைநோக்கியுடன் காவலூர் பணியைத் தொடங்கியது. 1972இல் ஜெர்மனியின் கார்ல் சைஸ் ஜெனா நிறுவனம் செய்த 102 செ.மீ. ஆடித் தொலைநோக்கி வந்தது. இதன் விட்டமும் எர்க்ஸ் வில்லையின் விட்டமும் ஒன்றே என்பது கவனிக்கத்தக்கது. எர்க்ஸில் 19 மீட்டர் குழாய் தேவைப்பட்டது. காவலூரில் 13 மீட்டருக்கும் மேற்பட்ட குவியத்தொலைவு, ஒளியை மடக்கும் முறையால் அதைவிட மிகக் குட்டையான சட்டகத்துக்குள் அடங்கியது. குழாய் குட்டையானால் குவிமாடம் சிறிதாகும், செலவும் குறையும்.

யுரேனசின் வளையம்

1977 மார்ச் 10 அன்று யுரேனஸ் கோள் ஒரு விண்மீனை மறைத்துச் செல்லும் நிகழ்வு எதிர்பார்க்கப்பட்டது. காவலூரில் ஜே. சி. பட்டாச்சார்யாவும் கே. குப்புசாமியும் 102 செ.மீ. தொலைநோக்கியில் அவ்விண்மீனின் ஒளியைப் பதிவு செய்தனர். யுரேனஸ் அதை நெருங்குவதற்கு முன்பே விண்மீனின் ஒளி சில நொடிகள் மங்கி மீண்டது. முதலில் இது யுரேனசின் புதிய துணைக்கோளாக இருக்கலாம் என்று கருதப்பட்டது. அதே நிகழ்வைப் பறக்கும் வானாய்வகம் ஒன்றிலிருந்து கவனித்த அமெரிக்கக் குழுவின் பதிவுகளுடன் சேர்த்துப் பார்த்தபோது, யுரேனசைச் சுற்றி வளையங்கள் இருப்பது உறுதியாயிற்று.

இந்நிகழ்வு தொலைநோக்கி வகைகளைப் பற்றி ஒரு பாடத்தைச் சொல்கிறது. அந்த வளையங்களை நேரடியாகப் படம் பிடிக்க அத்தொலைநோக்கியால் முடியாது. ஆனால் ஒளியின் அளவை நொடிக்கு நொடி அளக்கப் போதுமான ஒளியை அதனால் திரட்ட முடிந்தது. பூமியில் சரியான இடத்தில், தெளிந்த வானின் கீழ் அது இருந்தது. மறைப்பு நிகழ்வுகள் குறிப்பிட்ட இடங்களில் மட்டுமே தெரியும் என்பதால், உலகின் மிகப் பெரிய தொலைநோக்கி வேறொரு கண்டத்தில் இருந்திருந்தாலும் பயனில்லை.

நம் நாட்டில் செய்த ஆடி

பாப்புவின் கனவு இந்தியாவிலேயே ஒரு பெரிய தொலைநோக்கியைச் செய்வது. 234 செ.மீ. விட்டமுள்ள ஆடியைத் தேய்த்து வடிவமைக்கும் பணி இந்திய வானியற்பியல் நிறுவனத்தின் ஒளியியல் ஆய்வகத்திலேயே நடந்தது. 1982 ஆகஸ்டில் பாப்பு காலமானார். தொலைநோக்கி நிறைவடைந்ததை அவர் காணவில்லை. 1986 சனவரி 6 அன்று பிரதமர் ராஜீவ் காந்தி அதைத் திறந்துவைத்தார். வானாய்வகத்துக்கும் தொலைநோக்கிக்கும் வைணு பாப்பு பெயர் சூட்டப்பட்டது.

இது 102 செ.மீ. தொலைநோக்கியைவிட ஐந்து மடங்குக்கும் மேல் ஒளி திரட்டும். ஆனால் பூமியின் வளிமண்டலத்தை அது மாற்றாது. கோட்பாட்டின்படி 102 செ.மீ. ஆடியாலேயே சுமார் 0.14 வில்நொடி நுண்மையைப் பிரித்தறிய முடியும். காற்றின் அலைவு விண்மீன் உருவத்தைப் பொதுவாக ஒரு வில்நொடிக்கும் மேல் பரப்பிவிடுகிறது. எனவே தரையில் உள்ள பெரிய ஆடி கூடுதல் ஒளியைத் தருகிறது. கூடுதல் கூர்மையைத் தானாகத் தந்துவிடுவதில்லை.

பரந்த பார்வைக்கு ஷ்மிட்

பெரிய ஆடித் தொலைநோக்கிகள் வானின் மிகச் சிறிய துண்டையே ஒரு நேரத்தில் காணும். நகரும் குறுங்கோள்களைத் தேட இது உதவாது. கோள வடிவ ஆடியின் முன் மெல்லிய திருத்தும் வில்லை ஒன்றை வைத்து, பல பாகை அகலமுள்ள வானை ஒரே படத்தில் பிடிக்கும் கருவியை 1930ஆம் ஆண்டளவில் பெர்ன்கார்டு ஷ்மிட் உருவாக்கினார். பரந்த பார்வை இதன் நிறை. நீண்ட குழாயும், திருத்தும் வில்லையைச் செய்வதிலுள்ள கடினமும் இதன் குறைகள்.

காவலூரிலுள்ள ஷ்மிட் தொலைநோக்கியில் ஆர். ராஜமோகன் தலைமையில் 'கல்கி' என்னும் தேடல் திட்டம் நடந்தது. 1988 பிப்ரவரி 17 அன்று அதில் ஒரு குறுங்கோள் கண்டறியப்பட்டது. போக்சனின் கடைசிக் குறுங்கோளுக்குப் பின் நூறாண்டுக்கும் மேலான இடைவெளியில் இந்தியாவிலிருந்து நிகழ்ந்த கண்டுபிடிப்பு அது. அதற்கு 4130 ராமானுஜன் எனக் கணித மேதையின் பெயர் வைக்கப்பட்டது. அதைவிடப் பல மடங்கு பெரிய 234 செ.மீ. தொலைநோக்கி அருகிலேயே இருந்தும், இந்த வேலைக்குச் சிறிய கருவியே ஏற்றதாயிற்று.

உதகையின் ரேடியோ தொலைநோக்கி

விண்பொருள்கள் ஒளியுடன் ரேடியோ அலைகளையும் வெளியிடுகின்றன. இவ்வலைகள் மேகத்தைக் கடக்கும், பகலிலும் வரும். மழைமேகம் சூழ்ந்த நாளிலும் ரேடியோ தொலைநோக்கி பணி செய்யும் என்பது அதன் பெரிய நிறை.

கோவிந்த் சுவரூப் தலைமையில் உதகமண்டலம் அருகே அமைந்த ரேடியோ தொலைநோக்கி 1970இல் செயல்படத் தொடங்கியது. 530 மீட்டர் நீளமும் 30 மீட்டர் அகலமும் கொண்ட பரவளைய உருளை அது. அவ்விடத்தின் அட்சரேகைக்குச் சமமாகச் சுமார் 11 பாகை சாய்ந்த மலைச்சரிவில் வடக்குத் தெற்காக அமைக்கப்பட்டதால், அதன் அச்சு பூமியின் அச்சுக்கு இணையாயிற்று. ஒரே அச்சில் சுழற்றினாலே ஒரு விண்பொருளை ஒன்பது மணி நேரத்துக்கும் மேல் பின்தொடரலாம். எதிரொளிக்கும் பரப்பு ஆடியன்று. சுமார் 1,100 மெல்லிய எஃகுக் கம்பிகள். அலைநீளம் ஏறத்தாழ 92 செ.மீ. என்பதால் கம்பிகளுக்கு இடையிலுள்ள சிறு இடைவெளி அலைக்கு ஒரு பொருட்டன்று. காற்றும் தடையின்றிப் புகுந்து செல்லும்.

ஆனால் அலைநீளமே இதன் குறையும் ஆகும். 530 மீட்டர் நீளமிருந்தும் இதன் பிரித்தறி திறன் சுமார் 6 வில்நிமிடம். மனிதக் கண்ணே ஏறத்தாழ ஒரு வில்நிமிடத்தைப் பிரித்தறியும். இக்குறையைக் கடக்க, நிலவு ஒரு ரேடியோ மூலத்தை மறைக்கும் நொடியை அளந்து அதன் நுண்ணமைப்பைக் கணித்தார்கள். பின்னர் சுவரூப் புனே அருகே 45 மீட்டர் விட்டமுள்ள 30 அலைவாங்கிகளைச் சுமார் 25 கி.மீ. பரப்பில் விரித்து அமைத்தார். அவை சேர்ந்து ஒரே பெரிய தொலைநோக்கிபோல் செயல்படுகின்றன. கைப்பேசி, மின்பொறிகள் முதலியவற்றின் ரேடியோ இரைச்சல் இவ்வகைக்கு இன்றைய பெரும் இடையூறு.

எல்லைக்கு அப்பால் ஒசகோட்டே

ஓசூருக்கு வடக்கே, கர்நாடக எல்லைக்குள் ஒசகோட்டேயில் இந்திய வானியற்பியல் நிறுவனத்தின் ஆய்வு வளாகம் உள்ளது. லடாக்கின் ஆன்லேயில் சுமார் 4,500 மீட்டர் உயரத்தில் 2000ஆம் ஆண்டு முதல் ஒளி கண்ட 2 மீட்டர் இமாலயச் சந்திரா தொலைநோக்கியை, செயற்கைக்கோள் இணைப்பு வழியே இங்கிருந்தே இயக்குகின்றனர். இது வைணு பாப்பு தொலைநோக்கியைவிடச் சிறியது. ஆயினும் அங்குக் காற்று மெல்லியது, ஈரம் மிகக் குறைவு, வானம் இருண்டது. உயரம் விட்டத்தின் குறையை ஈடுகட்டுகிறது. கடுங்குளிரும், பராமரிப்புக்கு ஆட்கள் சென்று சேரும் சிரமமும் அதன் விலை.

அடுத்த படி வளிமண்டலத்தையே விட்டு வெளியேறுவது. 2015 செப்டம்பர் 28 அன்று ஏவப்பட்ட ஆஸ்ட்ரோசாட் செயற்கைக்கோளின் புற ஊதாத் தொலைநோக்கி, ஒசகோட்டே வளாகத்தில்தான் ஒருங்கிணைக்கப்பட்டது. அதிலுள்ள இரண்டு தொலைநோக்கிகளின் விட்டம் ஏறத்தாழ 38 செ.மீ. மட்டுமே; அதாவது 1968இல் காவலூர் தொடங்கிய அதே அளவு. ஆனால் தரையில் எவ்வளவு பெரிய ஆடி இருந்தாலும் பெறமுடியாத புற ஊதாக் கதிர்களை அது பெறுகிறது. வளிமண்டலத்தின் ஓசோன் அவற்றைத் தரைக்கு விடுவதில்லை.

செலவும், பழுதுபார்க்க இயலாமையும் விண்வெளித் தொலைநோக்கியின் குறைகள். ஆஸ்ட்ரோசாட்டின் இக்கருவியில் ஓர் அலைவரிசை 2018இல் செயலிழந்தது. காவலூரில் என்றால் ஒரு பொறியாளர் ஏணியில் ஏறிப் பார்த்திருப்பார். 1990இல் ஏவப்பட்ட அபிள் தொலைநோக்கியின் ஆடிப் பிழையைச் சரிசெய்ய, 1993இல் விண்வெளி வீரர்களையே அனுப்ப வேண்டியிருந்தது.

சுருக்கமான ஒப்பீடு

• வில்லைத் தொலைநோக்கி: கூர்மையான உருவம், குறைந்த பராமரிப்பு, நிறப்பிறழ்ச்சி, பெரிதாக்க இயலாமை.
• ஆடித் தொலைநோக்கி: பெரிய விட்டம், நிறப்பிறழ்ச்சி இன்மை, அடிக்கடி ஒழுங்குபடுத்தலும் மறுபூச்சும் தேவை.
• ஷ்மிட் தொலைநோக்கி: பரந்த பார்வை, நீண்ட குழாய், கடினமான திருத்து வில்லை.
• ரேடியோ தொலைநோக்கி: பகலிலும் மேகத்திலும் இயங்கும், தனித்து இயங்கினால் குறைந்த பிரித்தறி திறன், ரேடியோ இரைச்சல்.
• விண்வெளித் தொலைநோக்கி: வளிமண்டலத் தடை இல்லை, மிகுந்த செலவு, பழுதுபார்க்க இயலாமை.

எந்த வகையும் தீர்க்காத குறை

மேலே கண்ட குறைகளைப் பொறியாளர்கள் ஒவ்வொன்றாகத் தீர்த்து வந்துள்ளனர். தரையில் வைத்த எந்த ஒளியியல் தொலைநோக்கியாலும் தீர்க்க முடியாத குறை ஒன்று உண்டு. அது செயற்கை வெளிச்சம். மேல்நோக்கிச் சிதறும் விளக்கொளி காற்றிலுள்ள தூசியிலும் ஈரத்திலும் பட்டு வானத்தையே ஒளிரச் செய்கிறது. பெரிய ஆடி விண்மீனின் ஒளியை மட்டும் தேர்ந்து திரட்டுவதில்லை. வானத்தின் வெளிச்சத்தையும் அதே மடங்கில் திரட்டுகிறது. தொலைதூர விண்மீன் மண்டலத்தின் மங்கிய ஒளி அதில் கரைந்துவிடும்.

காவலூர் தேர்வான 1960களில் ஓசூர் ஒரு சிற்றூர். இன்று அது பெருந்தொழில் நகரம். பெங்களூர் நெடுஞ்சாலை வழியே தொழிற்பேட்டைகள் கிழக்கு நோக்கியும் வளர்ந்துள்ளன. பர்கூர், போச்சம்பள்ளி சிப்காட் வளாகங்கள் காவலூரிலிருந்து நேர்க்கோட்டில் 50 முதல் 60 கி.மீ. தொலைவிலேயே உள்ளன. இத்தொழில்கள் பல்லாயிரம் குடும்பங்களுக்கு வாழ்வு தருகின்றன. இரவுப் பணிக்குச் செல்வோருக்கு ஒளியுள்ள சாலை வேண்டும். எனவே இது தொழிலுக்கும் வானியலுக்கும் இடையிலான சண்டையன்று. விளக்கின் மேல் மூடி இட்டு ஒளியைத் தரைக்கு மட்டும் திருப்புதல், நீல நிறம் மிகுந்த வெண்ணொளிக்குப் பதில் மஞ்சள் கலந்த ஒளியைப் பயன்படுத்துதல், ஆளில்லாத இடத்தில் விளக்கைத் தணித்தல் ஆகிய எளிய முறைகளால் இரண்டையும் காக்கலாம். மின்கட்டணமும் குறையும். ஆன்லேயைச் சுற்றியுள்ள பகுதி 2022இல் இருள்வான் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. அங்கு அது எளிது, மக்கள் குறைவு. மக்கள் நெருங்கி வாழும் நம் பகுதியில் அது கடினம். ஆனால் தேவை இங்குதான் மிகுதி.

மாணவர்கள் தேர்ந்தெடுக்கும்போது

ஓசூர் போன்ற நகரின் மொட்டைமாடியிலிருந்து நிலவு, வியாழனின் துணைக்கோள்கள், சனியின் வளையம் ஆகியவற்றைக் காண 70 மி.மீ. அளவுள்ள சிறிய வில்லைத் தொலைநோக்கி போதும். நகர வெளிச்சம் இவற்றை அதிகம் பாதிப்பதில்லை. விண்மீன் கூட்டங்களும் ஒண்முகிற்படலங்களும் காண வேண்டுமானால் 150 மி.மீ. ஆடித் தொலைநோக்கி நல்லது. ஆனால் அதை நகர வெளிச்சத்துக்கு அப்பால் கொண்டுசெல்ல வேண்டும். அதே விலையில் வாங்கிய கருவி, இருண்ட மலையடிவாரத்தில் வேறொரு கருவிபோல் தோன்றும்.

பெட்டியின் மேல் அச்சிட்டுள்ள உருப்பெருக்க எண்ணைக் கண்டு ஏமாறக்கூடாது. விட்டத்தை மி.மீ. அளவில் எடுத்து இரண்டால் பெருக்கினால் வருவதே பயனுள்ள உச்ச உருப்பெருக்கம். 60 மி.மீ. கருவிக்கு அது 120 மடங்கு. 500 மடங்கு என்ற விளம்பரத்தால் பயனில்லை. கிருஷ்ணகிரி வட்டாரத்தின் கல்குவாரித் தூசிக்கும் மார்கழிப் பனிக்கும் ஆடியை மூடிப் பாதுகாக்க வேண்டும். முன்புறம் உரிய சூரிய வடிகட்டி பொருத்தாமல் எந்தத் தொலைநோக்கியாலும் சூரியனைப் பார்க்கவே கூடாது. நொடியில் பார்வை பறிபோகும்.

இரட்டைக்குழல் நோக்கி வாங்க மட்டுமே வசதி இருந்தாலும் கவலையில்லை. 50 மி.மீ. விட்டமுள்ள அக்கருவி, கலிலியோவின் கையில் இருந்ததைவிடத் தெளிவானது. வியாழனின் துணைக்கோள்களை அதிலேயே காணலாம். நான்கு இரவுகள் தொடர்ந்து குறித்து வைத்தால் அவை இடம் மாறுவதையும் அறியலாம்.